கூகுள் ரிசல்ட்டில் உங்கள் பக்கத்துக்கு இரண்டு வரி

சொந்தமாக ஒரு வெப்சைட் தொடங்கிவிட்டீர்கள். கடைக்காக இருக்கலாம், வீட்டு மாடியில் நடத்தும் தங்கும் அறைகளுக்காக இருக்கலாம், ஊரைப் பற்றிய ஆர்வத்தால் எழுதும் பக்கங்களாகவும் இருக்கலாம். சில வாரங்கள் கழித்து கூகுளில் தேடிப் பார்க்கிறீர்கள். உங்கள் தளம் வருகிறது. ஆனால் தலைப்புக்குக் கீழே இருக்கும் இரண்டு வரிகளைப் படித்தால், "முகப்பு, எங்களைப் பற்றி, போட்டோ கேலரி, தொடர்புக்கு, அனைத்து உரிமைகளும்..." என்று மெனுவில் உள்ள சொற்கள் வரிசையாக நிற்கின்றன. இதைப் பார்த்து யார் உள்ளே வருவார்கள்?

இந்த இரண்டு வரிக்கு ஸ்னிப்பெட் என்று பெயர். இதில் என்ன வரவேண்டும் என்பதை நீங்களே எழுதிக் கொடுக்க ஒரு வழி இருக்கிறது. அதுதான் மெட்டா டிஸ்கிரிப்ஷன் டேக். பக்கத்தைத் திறந்து பார்ப்பவர் கண்ணுக்கு இது தெரியாது. பக்கத்தின் எச்.டி.எம்.எல். கோடிங்கில், ஹெட் என்ற பகுதிக்குள் ஒளிந்திருக்கும். பிரௌசரில் ஏதாவது ஒரு வெப்சைட்டைத் திறந்து கன்ட்ரோல் கீயுடன் யூ கீயை அழுத்துங்கள். கோடிங் முழுவதும் தெரியும். அதில் கன்ட்ரோல் எஃப் அழுத்தி டிஸ்கிரிப்ஷன் என்று ஆங்கிலத்தில் தேடினால் அந்த வரி கிடைக்கும். கிடைக்காவிட்டால் அந்தத் தளத்துக்காரர் எழுதவே இல்லை என்று பொருள். நாலைந்து தளங்களை இப்படித் திறந்து பாருங்கள். எழுதாதவர்கள் எத்தனை பேர் என்று தெரிந்தால் உங்களுக்கே தைரியம் வந்துவிடும்.

டேக் எப்படி இருக்கும்?

அந்த ஒரு வரி இதுதான்:

<மெட்டா நேம்="டிஸ்கிரிப்ஷன்" கண்டென்ட்="உங்கள் விவரம் இங்கே">

படிக்க வசதியாக இங்கே தமிழில் தந்திருக்கிறோம். மெட்டா, நேம், டிஸ்கிரிப்ஷன், கண்டென்ட் ஆகிய நான்கு சொற்களையும் நீங்கள் டைப் செய்யும்போது ஆங்கிலச் சிறிய எழுத்துகளில் அமைக்க வேண்டும். கடைசி மேற்கோள் குறிகளுக்குள் வரும் விவரம் மட்டும் தமிழில் இருக்கலாம்.

ஒரு சின்ன எச்சரிக்கை. விவரத்துக்கு நடுவே இரட்டை மேற்கோள் குறி போட்டுவிடாதீர்கள். பிரௌசரும் கூகுளும் விவரம் அத்தோடு முடிந்துவிட்டது என்று எடுத்துக்கொள்ளும். மீதி வாக்கியம் காணாமல் போகும். அவசியமானால் ஒற்றை மேற்கோள் குறி போதும்.

கோடிங் பக்கமே போகாதவர்களுக்கும் வழி உண்டு. பிளாகர் பயன்படுத்துபவர்கள் செட்டிங்ஸ் சென்று மெட்டா டேக்ஸ் என்ற பிரிவில் சர்ச் டிஸ்கிரிப்ஷனை ஆன் செய்யுங்கள். அதன் பிறகு ஒவ்வொரு பதிவை எழுதும்போதும் வலது பக்கத்தில் அதற்கான கட்டம் வரும். வேர்ட்பிரஸ் என்றால் இதற்கென்று இலவச பிளக்இன்கள் இருக்கின்றன. அவற்றில் ஒன்றை நிறுவிக்கொண்டால் கட்டுரைக்குக் கீழே எழுதும் இடம் கிடைக்கும்.

எழுதினால் முதலிடம் கிடைக்குமா?

கிடைக்காது. இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. ஏனென்றால் "மெட்டா டேக் போட்டு உங்கள் தளத்தை கூகுளில் நம்பர் ஒன் ஆக்கித் தருகிறோம்" என்று பணம் கேட்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள்.

இந்த நம்பிக்கை ஒரு பழைய காலத்தின் மிச்சம். 1995 டிசம்பரில் வந்த ஆல்டாவிஸ்டா போன்ற சர்ச் என்ஜின்கள் மெட்டா டேக்கில் எழுதியிருப்பதை நம்பின. டிஸ்கிரிப்ஷனுக்குப் பக்கத்தில் கீவேர்ட்ஸ் என்று இன்னொரு டேக் உண்டு. அதில் ஒரே சொல்லை ஐம்பது முறை எழுதி வைத்தார்கள். சம்பந்தமே இல்லாத சினிமா நட்சத்திரங்களின் பெயர்களையும் சேர்த்தார்கள். விளைவு, தேடினால் குப்பைதான் வந்தது. 2009 செப்டம்பரில் கூகுள் வெளிப்படையாகவே அறிவித்தது: கீவேர்ட்ஸ் டேக்கைத் தரவரிசைக்குப் பார்ப்பதே இல்லை, டிஸ்கிரிப்ஷனையும் தரவரிசைக்குப் பயன்படுத்துவதில்லை, ஆனால் ரிசல்ட்டில் காட்டும் வரிகளுக்கு அதை எடுத்துக்கொள்வதுண்டு. ஆல்டாவிஸ்டா 2013 ஜூலையில் மூடப்பட்டது. கீவேர்ட்ஸ் டேக்கில் நேரத்தை வீணாக்காதீர்கள்.

அப்படியானால் டிஸ்கிரிப்ஷனால் என்ன பயன்? ரிசல்ட்டில் பத்துத் தளங்கள் வருகின்றன. தேடுபவர் மேலிருந்து கீழாக ஓட்டமாகப் படிக்கிறார். எதைக் கிளிக் செய்வது என்று முடிவெடுக்க அவருக்கு இருப்பது தலைப்பும் இந்த வரிகளும்தான். நாலாவது இடத்தில் இருக்கும் பக்கம் தனக்கு வேண்டிய பதிலைச் சொல்கிறது என்று தெரிந்தால் அங்கே கிளிக் செய்வார்.

குமரி மாவட்டத்திலிருந்து சில உதாரணங்கள்

பொதுவாகச் சொன்னால் புரியாது. கன்னியாகுமரி மாவட்டத்தையே எடுத்துக்கொள்வோம். ஆண்டு முழுக்கச் சுற்றுலாப் பயணிகள் வரும் மாவட்டம். வருபவர்களில் பலர் கிளம்பும் முன் மொபைலில் தேடிவிட்டுத்தான் வருகிறார்கள்.

பத்மநாபபுரம் அரண்மனைக்குப் போக நினைக்கும் மதுரைக் குடும்பம் ஒன்றை நினைத்துக்கொள்ளுங்கள். சனி, ஞாயிறு கன்னியாகுமரியில் கழித்துவிட்டு, திங்கள்கிழமை ஊர் திரும்பும் வழியில் அரண்மனையைப் பார்க்கலாம் என்று திட்டம். ஆனால் திங்கள்கிழமை அரண்மனைக்கு விடுமுறை. பூட்டிய கேட்டுக்கு முன்னால் நின்று போட்டோ எடுத்துக்கொண்டு திரும்ப வேண்டியதுதான். நீங்கள் வாடகைக் கார் நடத்துபவர், உங்கள் தளத்தில் இந்த அரண்மனைக்கு ஒரு பக்கம் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். டிஸ்கிரிப்ஷனில் என்ன எழுதுவீர்கள்?

பெரும்பாலானவர்கள் எழுதுவது இப்படி: "வரலாற்றுச் சிறப்பு மிக்க, கலைநயம் கொஞ்சும், உலகப் புகழ் பெற்ற பத்மநாபபுரம் அரண்மனைக்கு உங்களை அன்புடன் வரவேற்கிறோம்."

இதில் ஒரு தகவலாவது இருக்கிறதா? எந்த அரண்மனைக்கும் இதை ஒட்டலாம். இப்படி எழுதிப் பாருங்கள்:

"பத்மநாபபுரம் அரண்மனை, தக்கலை: திங்கள்கிழமை விடுமுறை. கன்னியாகுமரியிலிருந்து செல்லும் வழி, பார்வை நேரம், முழுதும் சுற்றிப் பார்க்க ஆகும் நேரம்."

விடுமுறை நாள் முதல் வரியிலேயே வந்துவிட்டது. 'அதைச் சொல்லிவிட்டால் அவர் உள்ளே வராமலே போய்விடுவாரே' என்று கேட்கலாம். சிலர் வராமல் போகலாம். ஆனால் பயணத் திட்டத்தை மாற்ற நினைப்பவர் அடுத்துக் கிளிக் செய்வது உங்கள் பக்கத்தைத்தான். தக்கலை என்ற ஊர்ப் பெயருக்கும் ஒரு வேலை இருக்கிறது. பத்மநாபபுரம் என்றதும் திருவனந்தபுரத்தில் உள்ள பத்மநாபசுவாமி கோயிலோடு குழப்பிக்கொள்பவர்கள் உண்டு. அரண்மனை இருப்பது தமிழ்நாட்டு மண்ணில், பராமரிப்பது கேரளத் தொல்லியல் துறை. குழப்பத்துக்குக் கேட்க வேண்டுமா!

அடுத்தது மாத்தூர். திருவட்டாறு அருகே பறளியாற்றின் பள்ளத்தாக்குக்குக் குறுக்கே, நூறு அடிக்கும் மேலான உயரத்தில் பாசனத் தண்ணீரைக் கொண்டு போகும் பாலம். அதன் முறையான பெயர் தொட்டிப் பாலம். நீளமான தொட்டி போன்ற அமைப்பில் தண்ணீர் ஓடுவதால் அந்தப் பெயர். ஆனால் வெளியூர்க்காரர்கள் பலர் அதைத் தொங்கு பாலம் என்றே சொல்கிறார்கள். அது எதிலும் தொங்கவில்லை, பெரிய பெரிய தூண்களின் மேல் நிற்கிறது. இருந்தாலும் தேடுபவர் தனக்குத் தெரிந்த சொல்லைத்தான் டைப் செய்வார். அவரைத் திருத்துவதைப் பக்கத்துக்கு உள்ளே வைத்துக்கொள்ளுங்கள். டிஸ்கிரிப்ஷனில் "தொங்கு பாலம் என்றும் அழைக்கப்படும் மாத்தூர் தொட்டிப் பாலம்" என்று இரண்டையும் எழுதுங்கள். ரிசல்ட்டில் தான் தேடிய சொல்லைப் பார்த்ததும், இதுதான் நாம் தேடிய இடம் என்று அவருக்கு உறுதியாகும்.

வாழைப்பழத்தில் வேறு விதமான சிக்கல். குமரி மாவட்டத்து மட்டிப் பழத்துக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. உள்ளூரில் மட்டி என்றால் போதும், குழந்தைக்குக் கொடுக்கும் பழம் என்று யாருக்கும் தெரியும். ஆனால் கூகுளுக்கு வெறும் மட்டி போதாது. இலங்கைத் தமிழில் மட்டி என்றால் கடல் சிப்பி வகை. பேச்சில் மட்டி என்றால் வேறு பொருளும் உண்டு, யாரையாவது அப்படி அழைத்துப் பாருங்கள்! எனவே "கன்னியாகுமரி மட்டி வாழைப்பழம்" என்று முழுப் பெயராக எழுதுவதுதான் சரி. ஈத்தாமொழி நெட்டை என்று எழுதினாலும் இதே கதைதான். பக்கத்தில் தென்னை என்ற சொல் இருந்தால்தான் வெளியூர்க்காரருக்குப் புரியும்.

ஊர்ப் பெயரின் எழுத்துக்கூட்டலில் மட்டும் அதிகம் கவலைப்பட வேண்டாம். நாகர்கோவில், நாகர்கோயில் இரண்டும் வழக்கில் உள்ளன. ஆங்கிலத்தில் நாகர்கோவிலை ஈ எழுத்துப் போட்டும் எழுதுகிறார்கள், ஏ எழுத்துப் போட்டும் எழுதுகிறார்கள். கன்னியாகுமரிக்கு ஒரு என், இரண்டு என் என்று இரு வகை. 2020 ஜூனில் தமிழக அரசு 1,018 ஊர்களின் ஆங்கில எழுத்துக்கூட்டலை மாற்றி ஆணை வெளியிட்டு, சில நாட்களிலேயே திரும்பப் பெற்றதை நினைவு வைத்திருப்பீர்கள். இந்தச் சின்ன வேறுபாடுகளை கூகுளே பெரும்பாலும் புரிந்துகொள்கிறது. நான்கு விதமாகவும் எழுதி இடத்தை நிரப்பினால் படிப்பவருக்கு எரிச்சல்தான் வரும்.

எவ்வளவு நீளம்?

150, 160 எழுத்துகள் என்று எல்லா இடத்திலும் படித்திருப்பீர்கள். அது ஆங்கிலத்துக்குச் சொன்ன கணக்கு. அதிகபட்ச நீளம் என்று கூகுள் எதையும் விதிக்கவில்லை. திரையின் அகலத்துக்கு ஏற்ப வெட்டிவிட்டு மூன்று புள்ளி வைத்துவிடும். 2017 டிசம்பரில் ஸ்னிப்பெட்டை நீளமாக்கியது. பலரும் உட்கார்ந்து எல்லாப் பக்கங்களுக்கும் நீளமாக மாற்றி எழுதினார்கள். 2018 மே மாதம் மறுபடியும் சுருக்கிவிட்டது.

தமிழுக்கு இன்னொரு சங்கதி இருக்கிறது. நாகர்கோவில் என்பதில் எத்தனை எழுத்து? நா, க, ர், கோ, வி, ல் என்று நாம் ஆறு சொல்வோம். கம்ப்யூட்டர் பதினொன்று என்று சொல்லும். யூனிகோட் முறையில் கால், கொம்பு, புள்ளி எல்லாம் தனித்தனி எழுத்துகளாகக் கணக்காகின்றன. மார்த்தாண்டம் நமக்கு ஏழு, கம்ப்யூட்டருக்குப் பதின்மூன்று. ஆகவே நெட்டில் கிடைக்கும் எழுத்து எண்ணும் கருவிகளைத் தமிழுக்கு நம்ப முடியாது. புள்ளி தனியாக அகலம் எடுத்துக்கொள்வதில்லை. ஆனால் ண, ஊ, ஔ போன்றவை ஆங்கில எழுத்துகளைவிட அதிக அகலம் எடுக்கும். கருவி சொல்லும் எண்ணும் திரையில் தெரியும் நீளமும் ஒத்துப் போகாது.

எளிய வழி: மிக முக்கியமான தகவலை முதல் பத்துப் பன்னிரண்டு சொற்களுக்குள் வைத்துவிடுங்கள். பின்பகுதி வெட்டப்பட்டாலும் நஷ்டமில்லை. தமிழில் வினைச்சொல் கடைசியில் வருவதால் நீளமான வாக்கியம் நடுவில் வெட்டப்பட்டால் அர்த்தமே மாறிவிடக்கூடும். "பிளாஸ்டிக் பைகள் கொண்டு செல்ல..." என்று நின்றுவிட்டால் அனுமதியா, தடையா? சின்னச் சின்ன வாக்கியங்களாக எழுதினால் இந்தப் பிரச்னை வராது.

கட்டம் கட்டமாக வந்தால்

டிஸ்கிரிப்ஷன் எழுதிச் சேவ் செய்த பிறகு கேள்விக்குறிகளோ கட்டங்களோ தெரிந்தால் அது என்கோடிங் கோளாறு. 2019-ல் வந்த விண்டோஸ் 10 பதிப்பிலிருந்து நோட்பேட் தானாகவே யு.டி.எஃப். 8 முறையில் சேவ் செய்கிறது. அதற்கு முந்தைய கம்ப்யூட்டர் என்றால் சேவ் ஆஸ் கொடுத்து, கீழே என்கோடிங் என்ற இடத்தில் யு.டி.எஃப். 8 என்பதை நீங்கள் தேர்வு செய்ய வேண்டும். கோடிங்கிலும் சார்செட் டேக்கை ஹெட் பகுதியின் தொடக்கத்திலேயே, டிஸ்கிரிப்ஷனுக்கு முன்னால் வையுங்கள். பக்கத்தின் முதல் 1,024 பைட்டுக்குள் அது வந்தாக வேண்டும். தமிழ் எழுத்து ஒவ்வொன்றும் மூன்று பைட் எடுப்பதால், நீளமான தமிழ் டிஸ்கிரிப்ஷனை முன்னால் வைத்துவிட்டால் சார்செட் அந்த எல்லையைத் தாண்டிப் போய்விடலாம்.

பழைய நோட்டீஸ், கடை விளம்பரம் போன்றவற்றிலிருந்து காப்பி செய்து போடுபவர்கள் கவனிக்கவும். டி.டி.பி. சென்டரில் பாமினி, வானவில் போன்ற ஃபான்டில் அடித்துக் கொடுத்த மேட்டரை அப்படியே மெட்டா டேக்கில் ஒட்டினால், கூகுளில் ஆங்கில எழுத்துகளும் அரைப்புள்ளிகளும் கலந்த ஏதோ ஒன்று தெரியும். ஃபான்ட் கன்வர்ட்டர் மூலம் யூனிகோடுக்கு மாற்றிய பிறகே ஒட்டுங்கள். 2000-களில் தமிழ்த் தளங்கள் ஒவ்வொன்றும் தனித்தனி ஃபான்ட் வைத்திருந்தபோது அவற்றில் உள்ள செய்திகளைக் கூகுளில் தமிழில் தேடி எடுக்க முடியாமல் இருந்ததற்கும் இதுதான் காரணம்.

விற்பனைப் பக்கத்துக்கு எப்படி?

மார்த்தாண்டம் தேனை எடுத்துக்கொள்வோம். 1920-களில் ஒய்.எம்.சி.ஏ.வின் கிராம மேம்பாட்டு மையம் ஸ்பென்சர் ஹேட்ச் தலைமையில் இங்கே தேனீ வளர்ப்பைப் பரப்பியது. இன்றும் மாவட்டத்தில் தேன் பெரும்பகுதி ரப்பர் தோட்டங்களில் வைக்கும் பெட்டிகளிலிருந்துதான் கிடைக்கிறது. ரப்பர் மரத்தின் இளம் இலைக் காம்பில் சுரக்கும் இனிப்பு நீரைத் தேனீக்கள் எடுக்கின்றன. ஆண்டின் முதல் சில மாதங்கள்தான் சீசன்.

நீங்கள் தேன் விற்பவரானால் "சுத்தமான, கலப்படமற்ற, 100 சதவீதம் இயற்கையான தேன்" என்று எழுதாதீர்கள். எல்லாரும் அதையேதான் எழுதுகிறார்கள், கலப்படம் செய்பவர்கள் உட்பட. "மார்த்தாண்டம் ரப்பர் தோட்டப் பெட்டித் தேன், இந்த சீசனில் எடுத்தது. அரை கிலோ, ஒரு கிலோ பாட்டில். தமிழ்நாடு முழுக்கப் பார்சல்." என்று எழுதினால் வாங்க நினைப்பவருக்கு வேண்டிய நாலு விவரமும் வந்துவிடும். ஆனால் பார்சல் அனுப்பாதவர் பார்சல் என்று எழுதக்கூடாது. உள்ளே வந்து ஏமாந்தவர் மறுபடி வரமாட்டார். தவிர, நீங்கள் எழுதியதற்கும் பக்கத்தில் இருப்பதற்கும் சம்பந்தமில்லை என்றால் கூகுளே உங்கள் வரியைத் தள்ளிவிட்டுப் பக்கத்திலிருந்து வேறு வரியை எடுத்துப் போட்டுவிடும்.

சரியாக எழுதியிருந்தாலும் சில சமயம் அப்படிச் செய்யும். தேடியவர் கேட்டதற்குப் பக்கத்தின் உள்ளே உள்ள ஒரு வரி இன்னும் பொருத்தமாக இருந்தால் அதைக் காட்டும். உங்கள் மேல் தப்பில்லை. பக்கத்தின் முதல் பாராவையும் டிஸ்கிரிப்ஷன் போலவே தகவலோடு எழுதி வைத்தால் எதை எடுத்தாலும் நன்றாகத்தான் இருக்கும். 2024 ஆகஸ்ட் முதல் இந்தியாவிலும் சில தேடல்களுக்கு மேலே ஏ.ஐ. எழுதிய சுருக்கம் வருகிறது. அதற்குக் கீழே வரும் ரிசல்ட்டுகளில் ஸ்னிப்பெட் தொடர்கிறது.

விலையை என்ன செய்வது? மாறாத விலையானால் எழுதலாம். தோவாளை பூச்சந்தை விலை போல தினமும் மாறுவதை எழுதவே கூடாது. நீங்கள் மாற்றினாலும் கூகுள் மறுபடி வந்து பார்க்கும் வரை பழையதுதான் தெரியும். அதற்குச் சில நாட்களும் ஆகலாம், சில வாரங்களும் ஆகலாம். நேற்றைய மல்லிகை விலையை நம்பி இன்று ஒருவர் போன் செய்தால் சண்டைதான் மிஞ்சும். கல்யாண சீசன் என்றால் கேட்கவே வேண்டாம்.

தகவல் பழசாவது இன்னொரு தொல்லை. விவேகானந்தர் பாறையையும் திருவள்ளுவர் சிலையையும் இணைக்கும் கண்ணாடிப் பாலம் 2024 டிசம்பர் 30 அன்று திறக்கப்பட்டது. அதற்கு முன் எழுதிய டிஸ்கிரிப்ஷனில் 'பாறையிலிருந்து சிலைக்குப் படகில் செல்லலாம்' என்று இருந்தால், நீங்கள் தளத்தைக் கவனிப்பதே இல்லை என்பது படிப்பவருக்கு அந்த ஒரு வரியிலேயே தெரிந்துவிடும்.

இன்னும் இரண்டு விஷயம். எல்லாப் பக்கத்துக்கும் ஒரே டிஸ்கிரிப்ஷனைக் காப்பி செய்து ஒட்டாதீர்கள். நேரமில்லை என்றால் முகப்புப் பக்கத்துக்கும் அதிகம் பேர் வரும் நாலைந்து பக்கங்களுக்கும் மட்டும் எழுதுங்கள், மற்றதைக் கூகுளிடம் விட்டுவிடலாம். தமிழ்ப் பக்கத்துக்குத் தமிழிலும் ஆங்கிலப் பக்கத்துக்கு ஆங்கிலத்திலும் எழுதுவதே முறை. கேரளத்திலிருந்தும் வட இந்தியாவிலிருந்தும் வருபவர்களுக்காக எழுத வேண்டுமானால் ஆங்கிலத்தில் தனிப் பக்கம் வையுங்கள். ஒரே டிஸ்கிரிப்ஷனில் பாதி தமிழ், பாதி ஆங்கிலம் என்று கலந்தால் இருவருக்குமே வெட்டுப்பட்ட துண்டுதான் கிடைக்கும்.

வாட்ஸ்அப்பில் லிங்க் அனுப்பும்போது படத்தோடு வரும் சிறு வரிகளுக்கு ஓ.ஜி. டிஸ்கிரிப்ஷன் என்று தனி டேக் இருக்கிறது. நம் ஊரில் கூகுளைவிட குடும்ப குரூப் வழியாகத்தான் பாதி லிங்க் பரவுகிறது என்பதால் அதையும் நிரப்பி வையுங்கள். இதே வாசகத்தை அங்கே போட்டால் போதும்.

கடைசியாக, பலன் இருக்கிறதா என்று பார்க்கும் வழி. கூகுள் சர்ச் கன்சோல் என்ற இலவச சேவையில் உங்கள் தளத்தைச் சேர்த்துக்கொள்ளுங்கள். யு.ஆர்.எல். இன்ஸ்பெக்ஷன் பகுதியில் பக்கத்தின் முகவரியைக் கொடுத்து, மறுபடி வந்து பார்க்கும்படி கூகுளைக் கேட்கலாம். பெர்ஃபார்மன்ஸ் பகுதியில் ஒவ்வொரு பக்கமும் ரிசல்ட்டில் எத்தனை முறை தெரிந்தது, எத்தனை பேர் கிளிக் செய்தார்கள் என்ற இரண்டு எண்களும் இருக்கும். டிஸ்கிரிப்ஷனை மாற்றும் நாளை ஒரு நோட்டில் குறித்து வையுங்கள். ஒரு மாதம் முன்பும் ஒரு மாதம் பின்பும் உள்ள எண்களை ஒப்பிடுங்கள். குமரிக்குக் கூட்டம் வரும் டிசம்பர், ஜனவரியை மழைக்கால மாதத்தோடு ஒப்பிட்டு ஏமாற வேண்டாம், போன ஆண்டின் அதே மாதத்தோடு ஒப்பிடுங்கள். நிறையப் பேருக்குத் தெரிந்தும் கிளிக் குறைவாக இருக்கும் பக்கம் எதுவோ, அடுத்து அதற்கு எழுதுங்கள்.